கிராணி வேடம்

சயாம் மரண ரயில் நாடகத்துக்கு வேடம் பிரித்த சாயங்காலம், ஜப்பான் ஆபீசராக நடிக்க மூன்று பேர் கை தூக்கினார்கள். காலராவில் சாக ஐந்து பேர் தயார். தோட்டத்துக் கணக்குப்பிள்ளையான கிராணிக்கு மட்டும் ஆள் இல்லை. டீச்சர் எங்கள் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு என் முன்னால் வந்து நின்றார். "தம்பி, கண்ணாடி போட்டிருக்கீங்க, கையெழுத்தும் நல்லா இருக்கு. நீங்கதான் கிராணி." எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்து வைத்தேன்.

என் அப்பாவின் தாத்தா மலேசியாவின் பினாங்கு மாநிலத்தில், நிபோங் திபால் பக்கம் ஒரு தோட்டத்தில் சின்னக் கிராணியாக இருந்தவர். டீச்சருக்கு அது தெரியாது.

தோட்டத்து வாழ்க்கை தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. மேலே வெள்ளைக்காரத் துரை. ஆபீசில் பெரிய கிராணி, சின்னக் கிராணி. வெளிக்காட்டில் வேலை வாங்குகிற கங்காணியும் மண்டோரும். பேர்க்கணக்கு, சம்பளக் கணக்கு, அரிசிக் கணக்கு எல்லாம் கிராணி கையில்தான். விடியுமுன் பெரட்டுக் களத்தில் சனம் கூடி நிற்கும். கிராணி பேர் வாசிப்பார். பேர் வாசிக்காவிட்டால் அன்றைக்கு வேலை இல்லை, கூலி இல்லை. முக்கால்வாசிப் பேர் கைநாட்டு வைக்கிற இடத்தில் எழுதத் தெரிந்தவர் என்றால் அவருக்கு எவ்வளவு மரியாதை இருந்திருக்கும், எவ்வளவு பயம் இருந்திருக்கும் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளலாம்.

நாடகம் சயாம் மரண ரயிலைப் பற்றியது: இரண்டாம் உலகப்போரில் ஜப்பான்காரன் சயாமிலிருந்து (இன்றைய தாய்லாந்து) பர்மாவுக்குப் போட்ட ரயில்பாதை. நாங்கள் நாடகக்காரர்கள் கிடையாது. பிறை என்கிற ஊரில் ஒரு கோயில் மண்டபம். வெள்ளிக்கிழமை பூசை முடிந்து பாய் சுருட்டியதும் எங்களுக்குத் திறந்துவிடுவார்கள். பாயான் லெப்பாஸ் தொழிற்சாலையில் ஷிப்ட் முடித்துப் பாலம் தாண்டி வருகிற இரண்டு பெண்கள், ஒரு லாரி ஓட்டுநர், ஓய்வுபெற்ற தாதி ஒருவர், படிவம் ஆறு படிக்கிற பையன்கள், நான், இப்படிப் பத்தொன்பது பேர். டீச்சர் முப்பது வருடம் தமிழ்ப்பள்ளியில் பாடம் நடத்தி ஓய்வுபெற்றவர். எழுதி வைத்த வசனம் எதுவும் அவரிடம் கிடையாது. முதல் மாதம் முழுக்க நடிப்பே இல்லை. "வீட்டுல கேளுங்க. கேட்டது எதுவா இருந்தாலும் கொண்டாங்க" என்பதோடு சரி.

நாங்கள் கொண்டுவந்தது எல்லாம் துண்டும் துக்கடாவும்தான். தாதி அக்கா ஒரு வாழைமர நோட்டு கொண்டுவந்தார், ஜப்பான்காரன் அச்சடித்த பத்து டாலர். கடைசியில் மூட்டை நிறையக் கொடுத்தாலும் ஒன்றும் வாங்க முடியாமல் போன காசு. ஒரு பையன் மரவள்ளிக்கிழங்கு கொண்டுவந்து, பாட்டி இதைக் கையால்கூடத் தொடமாட்டார் என்றான். நாலு வருடம் தின்று தீர்த்ததாம். இன்னொரு வீட்டில் சாக்குத்துணியைப் பற்றி மட்டும் சொல்லி அனுப்பியிருந்தார்கள்: துணி கிடைக்காத காலத்தில் கோணிச்சாக்கைக் கிழித்து உடுத்தி, மழையில் நனைந்தால் இடுப்பெல்லாம் அரித்துப் புண்ணாகுமாம்.

லாரி ஓட்டுகிற அண்ணன் வெறுங்கையோடு வந்தார். கடைசியாகப் பேசினார். அவர் அம்மாவைப் பெற்ற பாட்டி, சயாமுக்குப் போன புருஷன் வருவார் என்று தாலியைக் கழற்றவே இல்லையாம். யாரும் செத்ததாகச் செய்தி சொல்லவில்லை. செய்தி வராமல் எப்படிப் பொட்டை அழிப்பது? ஊரில் சிலர் சுமங்கலி பூசைக்குக் கூப்பிட்டார்கள், சிலர் கூப்பிடவில்லை. எது சரி என்று யாருக்கும் தெரியவில்லை. கிழவி 1968-ல் சாகும்போது நெற்றியில் குங்குமம் வைத்துத்தான் தூக்கினார்களாம். அண்ணன் இதைச் சொல்லிவிட்டு, "இதுல நடிக்கிறதுக்கு என்ன இருக்கு, தெரியல டீச்சர்" என்றார். கடைசியில் நாடகத்தின் முதல் காட்சியே அதுதான் ஆனது. ஒரு பெண் கண்ணாடி முன் பொட்டு வைக்கிறாள். வயதாகிறது. மறுபடி வைக்கிறாள். வசனம் கிடையாது.

டீச்சர் சொல்லித்தந்த கணக்கு இது. சயாமின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தன்பியூசாயாட் வரைக்கும் 415 கிலோமீட்டர். பட்டர்வொர்த்தில் ரயிலேறினால் கோலாலம்பூரையும் தாண்டிவிடுகிற தூரம். காடும் மலையும் ஆறுமான அந்தப் பாதையை 1942-ன் நடுவில் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்துவிட்டார்கள். தண்டவாளத்தில் ஒரு பகுதியை மலாயாவிலிருந்தே பெயர்த்துக்கொண்டு போனார்கள். கிழக்குக்கரைப் பாதையைப் பிரித்தது அப்படித்தான். ஆளையும் இங்கிருந்தே கொண்டுபோனார்கள். போர் வந்ததும் ரப்பரை வாங்க ஆளில்லை, துரைகள் ஓடிவிட்டார்கள் அல்லது சிறையில் இருந்தார்கள், தோட்டத்தில் வேலையும் இல்லை, அரிசியும் இல்லை. மூன்று மாத வேலை, நாளைக்கு ஒரு டாலர் கூலி என்று முதலில் ஆசை காட்டினார்கள். போனவர்கள் திரும்பாததும் ஆசைக்கு மயங்க ஆளில்லாமல் போனது. அதற்கப்புறம்தான் தோட்டத்துக்கு இத்தனை தலை என்று கேட்டு ஆள் பிடித்தார்கள். இலவசப் படக்காட்சி என்று கூட்டிவந்து கதவைச் சாத்தி லாரியில் ஏற்றிய கதைகளும் உண்டு.

ஜப்பானியர் வைத்திருந்த கணக்கின்படியே மலாயாவிலிருந்து போனவர்கள் ஏறத்தாழ 78,000 பேர். பெரும்பாலும் தோட்டத்துத் தமிழர்கள். மலாய்க்காரர்களும் சீனர்களும் உண்டு. செத்தவர்கள் 29,000-க்கும் மேல். அதே கணக்கில் இன்னொரு கட்டம் இருக்கிறது: ஓடிப்போனவர்கள், 24,000-க்கும் மேல். எங்கே ஓடியிருப்பார்கள்? மழைக்காலத்தில் அந்தக் காட்டுக்குள், வாந்திபேதியோடு, பாஷை தெரியாமல். பேர் அடிக்க வசதியான கட்டம் அது. உண்மையில் செத்தவர்கள் இன்னும் அதிகம் என்று ஆராய்ந்தவர்கள் சொல்வதன் காரணங்களில் இதுவும் ஒன்று.

வெள்ளைக்காரப் போர்க்கைதிகளும் அதே பாதையில் மாடாக உழைத்தார்கள். அறுபதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களில் பன்னிரண்டாயிரம் பேருக்கு மேல் செத்தார்கள். அதைக் குறைத்துச் சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் அவர்களிடம் ராணுவ ஒழுங்கு இருந்தது, மருத்துவர்கள் இருந்தார்கள். தண்ணீரைக் காய்ச்சிக் குடி, கக்கூஸை ஆற்றிலிருந்து தள்ளித் தோண்டு என்று சொல்ல அதிகாரி இருந்தார். நம் சனத்திடம் யாரும் இல்லை. சிலர் பெண்டு பிள்ளைகளோடு போயிருந்தார்கள். 1943 மே மாதம் காலரா வந்தபோது கூலிக் கொட்டகைகளில் கொத்துக்கொத்தாக விழுந்தார்கள். சிங்கப்பூரின் சாங்கி கைதி முகாமிலிருந்து கைதி மருத்துவர்களின் இரண்டு குழுக்களைக் கூலி முகாம்களுக்கு அனுப்பியது அதற்கப்புறம்தான்.

காஞ்சனபுரியில் கைதிகளின் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. ஏறக்குறைய ஏழாயிரம் கற்கள், புல் வெட்டி, பூச்செடி வைத்து, பெரும்பாலான கல்லில் பேர், வயது, செத்த தேதி. நான் ஒருமுறை போயிருக்கிறேன். அழகான இடம், பொறாமையாக இருந்தது. கல்லறையைப் பார்த்துப் பொறாமைப்படுவேன் என்று நான் நினைத்ததே இல்லை. நம்மவர்களுக்கு அதே ஊரில் ஒரு புத்த ஆலயத்து வளாகத்தில் 2023-ல்தான், மலேசியத் தமிழர்கள் முயன்று ஒரு நடுகல் நாட்டினார்கள். எண்பது வருடம். பினாங்குத் தீவில் ஆயர் ஈத்தாமில் சீனர்களின் போர் நினைவுத் தூண் 1951-லேயே எழும்பிவிட்டது. அவர்கள் பணம் திரட்டினார்கள், நிமிர்த்தினார்கள், வருடா வருடம் போய்க் கும்பிடுகிறார்கள். நாம் அதைக் கடந்துதான் கெக் லோக் சி புத்தக் கோயிலைப் பார்க்கப் போகிறோம்.

சரி, ஒத்திகைக்கு வருகிறேன்.

ரயில் காட்சிக்கு டீச்சர் தரையில் சாக்பீஸால் ஒரு கட்டம் போட்டார். கூட்ஸ் வண்டிப் பெட்டி. பத்தொன்பது பேரும் உள்ளே நின்றோம். போதாது என்று கோயில் சமையல்காரர், செருப்புக் காவல்காரர், டீ கொண்டுவந்த பெண் என்று கண்ணில் பட்டவர்களை எல்லாம் இழுத்து முப்பது ஆக்கினார். காற்றாடியை நிறுத்தச் சொன்னார். பத்து நிமிஷம். மூன்றாவது நிமிஷத்தில் யாரோ சிரித்தார்கள். ஆறாவது நிமிஷத்தில் என் தோளில் இன்னொருவரின் வியர்வை வழிவது தெரிந்தது. பின்னாலிருந்து ஒரு குரல் ஒன்றுக்குப் போகணும் என்றது. "அங்கேயே" என்றார் டீச்சர். பான் போங் போய்ச் சேர நாள்கணக்கில் ஆகும். அதற்கப்புறம் யாரும் சிரிக்கவில்லை.

கிராணி காட்சிதான் தகராறு. ஜப்பான் ஆபீசர் வந்து ஐந்து தலை கேட்கிறார். மறுநாள் காலைக்குள் பட்டியல் வேண்டும். நான் மேசையில் உட்கார்ந்திருக்கிறேன். எதிரே பெரட்டில் எல்லோரும் நிற்கிறார்கள். டீச்சர் என் காதருகே வந்து, "யோசிக்காதீங்க. யாரை முதல்ல எழுதுவீங்க?" என்றார்.

கை தானாக நீண்டது. படிவம் ஆறு பையன்களில் உயரமானவன்.

மண்டபத்தில் சத்தமில்லை. அவன், "ஏன் அங்கிள், நானு?" என்றான். நடிப்பாகக் கேட்கவில்லை, உண்மையாகவே கேட்டான்.

எனக்குக் காரணம் தெரியும். முந்தின வாரம் வெளியே மோட்டார் சைக்கிளை நிறுத்தும்போது என் வண்டியை உரசிவிட்டான். மன்னிப்புக் கேட்டான். நானும் பரவாயில்லைடா என்று சொல்லியிருந்தேன். அது முடிந்துவிட்டதாகத்தான் நானும் நினைத்தேன்.

அன்று வீட்டுக்குப் போய்ச் சாப்பிடவில்லை. சின்னக் கிராணிக்கும் இப்படித்தான் இருந்திருக்குமா? கூலி குறைந்தது என்று ஆபீசில் வந்து சத்தம் போட்டவன். கடனைத் திருப்பித் தராதவன். கேட்க நாதியில்லாத தனியாள். கங்காணிக்கு ஆகாதவன். வேறு சாதிக்காரன். பெண்டாட்டி அழகாக இருந்தவன் என்றுகூடச் சொல்வார்கள். இரவு ஒரு மண்ணெண்ணெய் விளக்கும் ஒரு தாளும் இருந்தால் போதும், வாள் வேண்டியதில்லை.

அந்தக் காட்சியை வைக்கலாமா என்று மூன்று வாரம் பேசினோம். சண்டை என்றே சொல்லலாம். நேதாஜி விஷயத்திலும் இதே கதைதான் நடந்தது. நம் வீடுகளில் அவர் படம் சாமி படத்தோடு தொங்கும். 1943 ஜூலையில் அவர் சிங்கப்பூருக்கு வந்து சனத்தை எழுப்பிக்கொண்டிருந்த அதே மாதம், சயாமில் காலரா முகாம்கள் நாறிக்கொண்டிருந்தன. சயாமுக்குப் போவதைவிட நேதாஜியின் இந்திய தேசிய ராணுவமான ஐ.என்.ஏ. மேல் என்று பேர் கொடுத்தவர்கள் எத்தனையோ பேர். ஒரே வீட்டில் அண்ணன் அங்கே, தம்பி இங்கே. இதை ஒரு காட்சியாக்கலாம் என்று டீச்சர் சொன்னதும் இரண்டு பேர் வீட்டில் அனுமதியில்லை என்று நின்றுவிட்டார்கள். அந்தக் காட்சியை விட்டோம். நான் விட்டிருக்கமாட்டேன், ஆனால் நாடகம் என்னுடையது மட்டும் இல்லையே. கிராணி காட்சியை விடக்கூடாது என்று டீச்சர் உறுதியாக நின்றார். "ஜப்பான்காரனுக்கு நம்ம முனியாண்டி யாரு, மாரிமுத்து யாருன்னு தெரியுமா? எப்படிப் பிடிச்சான்?" என்றார். அதற்குப் பதில் வரவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை இரவு அரங்கேறியது. பூசைக்கு வந்தவர்கள் அப்படியே உட்கார்ந்துவிட்டார்கள், நூறு பேருக்குக் குறையாது. பின்னால் அன்னதானத்து மீகூன் வாசம். பொட்டு வைக்கிற காட்சியில் பாட்டிமார் பக்கம் விசும்பல் கேட்டது. கிராணி காட்சி வந்தது. ஆபீசர் கார்ட்போர்டு வாளோடு மிரட்டிவிட்டுப் போனார். நான் பென்சிலை எடுத்தேன். அந்த இடத்தில் டீச்சர் உள்ளே வந்து நாடகத்தை நிறுத்தினார். இது ஏற்பாடுதான். சனத்தைப் பார்த்து, "இப்ப இவர் என்ன செய்யணும்? சொல்லுங்க" என்றார்.

ஆளுக்கு ஒன்று சொன்னார்கள். ஓடிப்போகணும். தன் பேரையே எழுதணும். செத்தவங்க பேரை எழுதிக் கொடுத்து ஏமாத்தணும் (இதற்குக் கைதட்டல்). ஒரு அம்மா, "பிள்ளகுட்டிக்காரன் பாவம், எழுதத்தான் எழுதுவான்" என்றார். கோயில் நிர்வாகத்தில் ஒருவர் எழுந்து கோபமாகவே பேசினார். "கொன்னவன் எவனோ. நம்மாளைக் கூண்டுல ஏத்துறீங்களே. எழுதலன்னா அவன் தலையத்தான் எடுத்திருப்பான்." அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. அந்தக் காலத்தில் கன்னத்தில் அறைவதெல்லாம் ஜப்பான்காரனுக்கு வணக்கம் சொல்வது மாதிரி. வெட்டிய தலையைப் பார்வைக்கு வைத்த ஊர் இது.

அந்தச் சத்தத்துக்கு நடுவில் ஒரு தாத்தா எழுந்து வந்தார். மகள் கையைப் பிடித்துக்கொண்டு, நாலுகால் ஊன்றுகோலோடு, மெதுவாக. எண்பத்தைந்து வயதிருக்கும். மேடை என்று தனியாக எதுவும் இல்லாததால் நேராக என் மேசைக்கு வந்துவிட்டார். அடிக்க வருகிறார் என்றே நினைத்தேன்.

"எழுது" என்றார்.

"என்னங்க தாத்தா?"

"எங்கப்பா பேர. எழுது."

பேரைச் சொன்னார். தகப்பனார் பேரின் முதல் எழுத்தையும் சேர்த்துச் சொன்னார். அதை இங்கே நான் எழுதப் போவதில்லை. என் முன்னால் இருந்தது நாடகத்துக்காக வாங்கிய கோடு போட்ட நோட்டு. எழுதினேன். குனிந்து பார்த்தார். "முதலெழுத்துக்கு அப்புறம் புள்ளி வை." வைத்தேன். "எனக்கு அப்ப மூணு வயசு. எங்கயும் அவர் பேரு இல்ல. பொறந்த சூராவும் இல்ல, செத்த சூராவும் இல்ல, ஒரு பத்திரமும் கெடயாது. அந்த லிஸ்டுலதான் இருந்திச்சி. அதையும் எவன் கொளுத்தினானோ."

அவர் நின்றுகொண்டே இருந்தார். ஆபீசர் வேடம் போட்ட பையன் என்ன செய்வதென்று தெரியாமல் வாளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடிப்போய் அவருக்கு ஒரு பிளாஸ்டிக் நாற்காலி கொண்டுவந்தான். அதற்குள் பின்னால் இன்னொருவர் வந்து நின்றார். அப்புறம் இன்னொருவர். நாடகம் அத்தோடு போச்சு. கடைசி இரண்டு காட்சிகளை யாரும் பார்க்கவே இல்லை; அவற்றில் நடிக்க வேண்டியவர்களே வரிசையில் நின்றார்கள். லாரி அண்ணன் வந்து தன் தாத்தா பேரைச் சொன்னார். ஒரு பாட்டி விஷயம் புரியாமல், அர்ச்சனைச் சீட்டு என்று நினைத்துப் பேரன் பேரும் நட்சத்திரமும் சொன்னார். அதையும் எழுதிவிட்டு அப்புறம் அடித்தேன். பேர் தெரியாதவர்களும் இருந்தார்கள். "எங்க பெரியப்பா. சின்னத்தம்பின்னு கூப்பிடுவாங்களாம், நெஜப் பேரு தெரியாது." மொத்தம் இருபத்து மூன்று.

மண்டபம் கலைந்தபின் தாத்தா ஓர் ஓரமாக உட்கார்ந்து தேத்தண்ணியில் பிஸ்கட்டை நனைத்துக்கொண்டிருந்தார். எனக்கு மனசு கேட்கவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து சொன்னேன், என் பூட்டன் கிராணியாக இருந்தவர், பட்டியல் எழுதியிருப்பார் என்று.

"எந்தத் தோட்டம்?"

சொன்னேன்.

"அது வேற. எங்களுது சுங்கை பாக்காப் பக்கம்." பிஸ்கட் உடைந்து கோப்பைக்குள் விழுந்துவிட்டது. கரண்டியால் எடுத்துச் சாப்பிட்டார். "எங்க கிராணி மக என்கூடதான் ஸ்கூலுக்கு வந்தா. நல்ல பொண்ணு."

அவ்வளவுதான். நான் எதை எதிர்பார்த்துப் போய்ச் சொன்னேனோ, அது கிடைக்கவில்லை. கிடைத்திருந்தால் இன்னும் கேவலமாக இருந்திருக்கும் என்று இப்போது தோன்றுகிறது.

செத்த தேதி தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசை என்று ஒரு வழி இருக்கிறது. அந்த வருடம் நோட்டை எடுத்துக்கொண்டு பந்தாய் பெர்சே கடற்கரைக்குப் போனோம். குருக்கள் கோத்திரம் கேட்டார், யாருக்கும் தெரியவில்லை. சிவ கோத்திரம் என்று சொல்லிவிட்டார். பேர்களை நான்தான் வாசித்தேன். பெரட்டில் வாசிக்கிற மாதிரி ஆகிவிடக் கூடாது என்று மெதுவாக வாசித்தேன். அப்படியும் நாலைந்து பேர் தாண்டியதும் அந்த இழுவை குரலில் வந்துவிட்டது. அடுத்த பேருக்கு, கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு கிழவர் "ஆமா, வந்திருக்கான்" என்றார். யாரும் அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை.

போன வாரம் ஈப்போ அத்தையோடு போனில் பேசிக்கொண்டிருந்தேன். எங்கள் குடும்பத்தில் பழங்கதை மிச்சமிருப்பது அவரிடம் மட்டும்தான். பூட்டன் நிறையப் பேரைக் காப்பாற்றினார் என்றுதான் வீட்டில் சொல்லி வளர்த்தார்கள். எப்படி அத்தை, என்றேன்.

"மைக்கூடு இருந்தும் அவரு பென்சில்லதான் எழுதுவாராம். ராத்திரி யாராச்சும் வந்து அழுதா, ரப்பரால அழிச்சிருவாராம்."

"யார் பேரை அழிச்சாரு?"

"அதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும்? வந்து அழுதவங்க பேரத்தான்." கொஞ்சம் நிறுத்தினார். பின்னால் டிவி ஓடிக்கொண்டிருந்தது. "ஆனா அழிச்ச எடத்துல வேற பேரு எழுதணும்ல. கணக்கு சரியா வரணுமே."